கியூன்கி சாஸ் பீ கபீ பஹூ தீ (தொலைக்காட்சித் தொடர்)

கியூன்கி சாஸ் பீ கபீ பஹூ தீ என்பது ஸ்டார் பிளஸ் தொலைக்காட்சியில் 2000 ஜூலை 3 முதல் 2008 நவம்பர் 6 வரை ஒளிபரப்பான இந்தி மொழித் தொடர் ஆகும். மும்பையில் வாழும் வீரானி என்ற குஜராத்தி வணிகக் கூட்டுக் குடும்பத்தின் கதையை இது சொல்கிறது. பாலாஜி டெலிஃபிலிம்ஸ் நிறுவனத்தின் சார்பில் ஏக்தா கபூரும் அவருடைய தாயார் ஷோபா கபூரும் இதைத் தயாரித்தனர். மூத்த மருமகள் துளசியாக ஸ்மிருதி இரானி நடித்தார். மொத்தம் 1,833 பகுதிகள் ஒளிபரப்பாயின. இந்தித் தொலைக்காட்சியில் 'மாமியார் - மருமகள் தொடர்' என்று ஒரு தனி வகை உருவாக இத்தொடரே முதன்மைக் காரணமாக அமைந்தது.

தலைப்பின் பொருள்

'சாஸ்' என்றால் மாமியார், 'பஹூ' என்றால் மருமகள். தலைப்பைத் தமிழில் 'ஏனென்றால் மாமியாரும் ஒரு காலத்தில் மருமகளாக இருந்தவள்தான்' என்று சொல்லலாம். தலைப்பு 'ஏனென்றால்' என்ற சொல்லில் தொடங்குவது கவனிக்கத்தக்கது. கேள்வி சொல்லப்படவில்லை, விடை மட்டும் சொல்லப்படுகிறது. 'மாமியார் ஏன் இப்படி நடந்துகொள்கிறாள்?' என்பது ஒரு கேள்வியாக இருக்கலாம். 'மாமியார் ஏன் மருமகளைப் புரிந்துகொள்ள வேண்டும்?' என்பது மற்றொரு கேள்வியாக இருக்கலாம். இரண்டுக்கும் விடை ஒன்றே.

மாமியார் உடைத்தால் மண்குடம், மருமகள் உடைத்தால் பொன்குடம் என்பது தமிழில் வழங்கும் பழமொழி. ஒரே தவறுக்கு இரண்டு அளவுகோல் இருப்பதை அது சுட்டுகிறது. இத்தொடரின் தலைப்பு அதற்கு அடுத்த படியைச் சொல்கிறது: இன்று பொன்குடத்துக்குக் கணக்குக் கேட்பவள், நேற்று அதே கணக்குக்குப் பதில் சொல்லி நின்றவள். எட்டு ஆண்டுகள் ஓடிய கதையில் துளசி மருமகளாக நுழைந்து, மாமியாராகி, பின்னர்ப் பாட்டியாகவும் ஆகிறாள். ஆகவே தலைப்பே கதையின் சுருக்கமாகவும் அமைந்துவிட்டது.

ஏக்தா கபூர் அந்தக் காலத்தில் தம் தொடர்களுக்குக் 'க' ஓசையில் தொடங்கும் பெயர்களையே பெரும்பாலும் வைத்தார். கஹானி கர் கர் கீ, கசௌட்டி ஜிந்தகி கே, குசும் முதலியவை பிற எடுத்துக்காட்டுகள்.

பின்னணி

இந்தியத் தொலைக்காட்சியில் தொடர்கதை புதிய சரக்கு அன்று. தூர்தர்ஷன் 1984-இல் ஒளிபரப்பிய ஹம் லோக் இந்தியாவின் முதல் தொலைக்காட்சிக் குடும்பத் தொடராகக் கருதப்படுகிறது. மனோகர் ஷ்யாம் ஜோஷி எழுதிய அத்தொடர் 150-க்குச் சற்றுக் கூடுதலான பகுதிகளுடன் 1985 டிசம்பரில் முடிந்தது. பெண் கல்வி, குடும்பக் கட்டுப்பாடு, குடிப்பழக்கம் போன்ற செய்திகளைக் கதை வழியே சொல்வது அதன் நோக்கம். 1994-இல் தூர்தர்ஷனில் வந்த சாந்தி நாள்தோறும் வரும் தொடர் என்ற வடிவத்தை அறிமுகப்படுத்தியது. அதில் நாயகியாக நடித்த மந்திரா பேடி பின்னர்க் கியூன்கி தொடரிலும் நடித்தார்.

செயற்கைக்கோள் தொலைக்காட்சி பரவிய பிறகு ஸ்டார் பிளஸ் சில காலம் ஆங்கில நிகழ்ச்சிகளையும் இந்தி நிகழ்ச்சிகளையும் கலந்து ஒளிபரப்பி வந்தது. 2000 ஜூலையில் அது முழு இந்தி அலைவரிசையாகத் தன்னை மாற்றிக்கொண்டது. அதே ஜூலை 3 அன்று இரண்டு நிகழ்ச்சிகள் தொடங்கின. இரவு 9 மணிக்கு அமிதாப் பச்சன் நடத்திய கௌன் பனேகா கரோட்பதி வினாடி வினா. இரவு 10:30 மணிக்குக் கியூன்கி. வினாடி வினாவுக்காகத் தொலைக்காட்சி முன் அமர்ந்த குடும்பம் அப்படியே தொடர்ந்து அமர்ந்திருக்க வாய்ப்பு ஏற்பட்டது. அதே ஆண்டு அக்டோபரில் பாலாஜி நிறுவனத்தின் கஹானி கர் கர் கீ 10 மணிக்கு வரத் தொடங்கியதும் இரவு 9 முதல் 11 வரை ஒரே அலைவரிசையைப் பார்க்கும் பழக்கம் உறுதிப்பட்டது.

இரவு 10:30 என்பது அக்காலத்தில் குடும்ப நிகழ்ச்சிக்கு ஏற்ற நேரமாகக் கருதப்படவில்லை. ஆனால் வீட்டுவேலை முடிந்து பெண்கள் உட்காரும் நேரம் அதுதான். கணவனும் பிள்ளைகளும் சாப்பிட்டபின், பாத்திரங்களைக் கழுவி வைத்துவிட்டு வரும் பெண்ணுக்கு அந்த அரை மணி நேரம் உரியதாயிற்று. இத்தொடரின் வெற்றியைப் புரிந்துகொள்ள இந்த நேரக் கணக்கு உதவும்.

கதைச் சுருக்கம்

வீரானி குடும்பம் செல்வம் மிக்க தொழில் குடும்பம். அவர்கள் வாழும் பெரிய வீட்டின் பெயர் சாந்தி நிகேதன். குடும்பத்தின் மூத்தவர் அம்பா வீரானி. எல்லோரும் அவரைப் 'பா' என்று அழைக்கின்றனர். குஜராத்தியில் தாயையும் பாட்டியையும் மரியாதையாக அழைக்கும் சொல் இது. அவருக்கு சவிதா, தக்ஷா, காயத்ரி என மூன்று மருமகள்கள். கதை தொடங்கும்போது இந்த மூவரும் மாமியாரை மதிப்பதில்லை. தங்களுக்கென்று மருமகள் வரும்போது மட்டும் அடக்கத்தை எதிர்பார்க்கின்றனர். தலைப்பு சொல்லும் முரண் இங்கிருந்தே தொடங்குகிறது.

சவிதாவின் மகன் மிஹிருக்குப் பாயல் என்ற செல்வந்தர் வீட்டுப் பெண்ணை நிச்சயம் செய்கின்றனர். ஆனால் மிஹிர் குடும்பப் புரோகிதரின் மகளான துளசியை விரும்பி மணக்கிறான். பணமில்லாத வீட்டிலிருந்து வந்தவள் என்பதால் சவிதா துளசியை ஏற்க மறுக்கிறாள். 'பா' மட்டுமே அவளுக்கு ஆதரவு. பொறுமையாலும் நேர்மையாலும் துளசி ஒவ்வொருவர் மனத்திலும் இடம்பிடிக்கிறாள். பின்னாளில் சவிதாவே அவளை மகளாக ஏற்கிறாள்.

கதையின் பெரிய திருப்பம் மிஹிரின் விபத்து. அவன் இறந்துவிட்டதாகக் குடும்பம் நம்புகிறது. உண்மையில் நினைவிழந்த நிலையில் மந்திரா என்ற மருத்துவரின் பராமரிப்பில் இருக்கிறான். மிஹிர் - மந்திரா உறவில் பிறந்த கரணைப் பின்னர்த் துளசி தன் பிள்ளைகளுள் ஒருவனாகவே ஏற்றுக்கொள்கிறாள். கரண், கௌதம், ஷோபா, அன்ஷ் ஆகிய அடுத்த தலைமுறையினரின் காதல், திருமணம், பகை ஆகியவை கதையின் நடுப்பகுதியில் இடம்பெறுகின்றன. அதன்பின் பேரப்பிள்ளைகளின் காலம் வருகிறது.

நடிகர்கள்

துளசியாக நடிக்கத் தேர்வானபோது ஸ்மிருதி இரானிக்கு வயது 24. கதை பல ஆண்டுகள் தாவிச் சென்றதால், முப்பது வயதை ஒட்டி அவர் திரையில் பாட்டியாக நடிக்க வேண்டியிருந்தது. 2007-இல் அவர் விலகியபோது கௌதமி கபூர் துளசியாக நடித்தார். 2008-இல் ஸ்மிருதி இரானி மீண்டும் திரும்பினார்.

மிஹிர் வேடத்தை மூவர் ஏற்றனர். முதலில் அமர் உபாத்யாய், அடுத்து இந்தர் குமார், பின்னர் ரோனித் ராய். 'பா' வேடத்தில் சுதா சிவ்புரி நடித்தார். நாடக மேடையிலிருந்து வந்த அவர் 2015 மே மாதம் காலமானார். சவிதாவாக அபரா மேத்தாவும், தக்ஷாவாக கேத்கி தவேயும், காயத்ரியாக கமலிகா குஹா தாகுர்தாவும் நடித்தனர். அபரா மேத்தா, கேத்கி தவே இருவரும் குஜராத்தி நாடக மேடையில் தேர்ந்தவர்கள். எதற்கும் 'ஆ ர ர ர ரா' என்று வியக்கும் தக்ஷாவின் பேச்சு வட இந்திய வீடுகளில் வேடிக்கையாகப் பரவியது.

மந்திராவாக முதலில் மந்திரா பேடியும் பின்னர் அசிந்த் கௌரும் நடித்தனர். பாயலாக ஜெயா பட்டாசார்யா, கரணாக ஹிதேன் தேஜ்வானி, நந்தினியாக கௌரி பிரதான், கௌதமாக சுமீத் சச்தேவ், கங்காவாக ஷில்பா சக்லானி, அன்ஷாக ஆகாஷ்தீப் சைகல் ஆகியோர் நடித்தனர். பின்னாளில் புகழ்பெற்ற மௌனி ராய், புல்கித் சாம்ராட் ஆகியோர் இத்தொடரின் கடைசி ஆண்டுகளில்தான் நடிப்புத் துறைக்கு அறிமுகமாயினர்.

குஜராத்திக் குடும்பப் பின்னணி

தொடர் இந்தி மொழியில் இருந்தாலும் அதன் வாசனை குஜராத்தியது. 'பா', 'பாபுஜி', 'பாபி', 'பென்' என்ற அழைப்புகளும், ஒருவரையொருவர் காணும்போது 'ஜெய் ஸ்ரீ கிருஷ்ணா' என்று சொல்வதும் குஜராத்தி வைணவக் குடும்பங்களின் வழக்கம். மூத்த பெண்கள் முந்தானையைப் பின்னாலிருந்து வலத் தோள் வழியே முன்பக்கம் கொண்டுவந்து சேலை கட்டுவர். நவராத்திரியில் கர்பாவும் தாண்டியாவும் ஆடுவர். தீபாவளியின்போது வணிகர்கள் புதுக் கணக்கேட்டுக்குப் பூசை செய்வதும், மறுநாளைப் புத்தாண்டாகக் கொண்டாடுவதும் குஜராத்தி மரபு. திருமணத்தில் மணமகளுக்குப் பிறந்த வீட்டார் தரும் வெள்ளைச் சிவப்புச் சேலை 'பானேதர்'. புகுந்த வீட்டார் தருவது 'கர்சோளா'. ஒரு பெண் ஒரு வீட்டிலிருந்து இன்னொரு வீட்டுக்கு மாறுவதை இந்த இரு சேலைகளே காட்டிவிடும்.

குஜராத்தி வணிகச் சமூகங்களில் கூட்டுக் குடும்பம் நீண்ட காலம் நிலைத்ததற்குப் பொருளாதாரக் காரணமும் உண்டு. அண்ணன் தம்பிகள் ஒரே தொழிலில் பங்காளிகளாக இருக்கும்போது வீடு பிரிந்தால் முதலும் பிரியும். ஒரே அடுப்பு எரிவது ஒரே கணக்கேடு நடப்பதற்கு அடையாளம். அந்த ஒற்றுமையை நாள்தோறும் காக்கும் பொறுப்பு பெரும்பாலும் பெண்கள் தலையில் விழுந்தது. யார் சமைப்பது, யார் சாவியை வைத்திருப்பது, யாருடைய பிள்ளைக்கு முதல் தட்டு என்ற கேள்விகளில்தான் ஓரகத்திகளுக்கிடையே உரசல் பிறக்கும். தொடரில் சாவிக்கொத்தும் பூசையறையும் சாப்பாட்டு மேசையும் அடிக்கடி வருவதற்கு இதுவே காரணம்.

நாயகியின் பெயரும் பொருளற்றதன்று. துளசி வீட்டு முற்றத்தில் வைத்து வழிபடும் செடி. முற்றத்துத் துளசி வாடினால் வீட்டுக்கு ஆகாது என்பது நம்பிக்கை. தொடரின் தொடக்கக் காட்சியில் துளசி வீட்டுக் கதவைத் திறந்து, கைகூப்பிப் பார்வையாளரை உள்ளே அழைப்பாள். பார்ப்பவர் விருந்தினர், அவளோ வீட்டின் முகம் என்பது முதல் நொடியிலேயே நிலைநாட்டப்படுகிறது.

கதை சொல்லும் முறை

1,833 பகுதிகள் என்பதை ஒரு சிறு கணக்கால் விளங்கிக்கொள்ளலாம். விளம்பரங்களையும் சேர்த்து ஒரு பகுதி அரை மணி நேரம் என்றால், மொத்தம் 916 மணி நேரத்துக்கு மேல். இரவு பகலாக நிறுத்தாமல் பார்த்தால் 38 நாட்கள் ஆகும். எட்டு ஆண்டு நான்கு மாதங்களுக்கு வகுத்தால் வாரத்துக்குச் சராசரியாக நான்கு பகுதிகள். இந்த வேகத்தில் கதையை முன்கூட்டியே முழுமையாக எழுதி வைக்க இயலாது. பார்வையாளர் எண்ணிக்கை வாரந்தோறும் அளக்கப்பட்டது. எந்தப் பாத்திரம் வந்தால் எண்ணிக்கை ஏறுகிறது, எப்போது இறங்குகிறது என்று பார்த்துக் கதை திருப்பப்பட்டது.

இந்தத் தேவையிலிருந்து சில உத்திகள் பிறந்தன.

காலத் தாவல்: கதை ஒரே நாளில் பல ஆண்டுகள் முன்னோக்கித் தாவும். குழந்தைகள் இளைஞர்களாகி, காதலும் திருமணமும் புதிதாகத் தொடங்கும். இதனால் 'பா' நூறு வயதைத் தாண்டியும் நலமாக இருந்தார். அது நாடறிந்த நகைச்சுவையானது.

இறந்தவர் திரும்புதல்: இறந்ததாகக் காட்டப்பட்ட பாத்திரம் நினைவிழப்பு, தவறான அடையாளம் போன்ற காரணங்களால் மீண்டும் வரும்.

ஆள் மாற்றம்: ஒரு நடிகர் விலகினால் மற்றொருவர் அதே பாத்திரத்தைத் தொடர்வார்.

நிறுத்திக் காட்டல்: அதிர்ச்சிச் செய்தி வரும்போது ஒவ்வொருவர் முகமாக நெருக்கக் காட்சியில், சில சமயம் மும்முறை, இடியோசை போன்ற இசையுடன் காட்டப்படும். நேரத்தை நிரப்பவும், வேறு வேலை செய்துகொண்டே பார்ப்பவருக்குச் செய்தியின் கனத்தை உணர்த்தவும் இது பயன்பட்டது.

இவை பின்னர் எல்லா மொழித் தொடர்களிலும் கேலிக்குரிய அளவுக்குப் பரவின.

மிஹிரின் மரணம்

2001-இல் மிஹிர் விபத்தில் இறந்ததாகக் காட்டப்பட்டபோது பார்வையாளரிடமிருந்து பெரும் எதிர்ப்பு எழுந்தது. அலைவரிசைக்கும் தயாரிப்பு நிறுவனத்துக்கும் தொலைபேசி அழைப்புகளும் கடிதங்களும் குவிந்தன. மிஹிர் உயிருடன் திரும்பினான்.

கதைப்பாத்திரத்தின் சாவுக்கு மக்கள் வருந்துவது புதிதன்று. ஆனால் கதை நடந்துகொண்டிருக்கும்போதே அவர்கள் வருத்தம் கதையை மாற்றியது இங்கே குறிப்பிடத்தக்கது. புதினத்தின் வாசகர் முடிவை மாற்ற முடியாது. நாள்தோறும் எழுதப்படும் தொடரின் பார்வையாளர் மாற்ற முடியும் என்பதை அந்நிகழ்ச்சி தயாரிப்பாளர்களுக்கு உணர்த்தியது.

எடுத்துக்கொண்ட சமூகச் சிக்கல்கள்

குடும்பச் சண்டைகளுக்கு இடையே, பொதுவில் பேசத் தயங்கிய சில சிக்கல்களையும் தொடர் தொட்டது. அவற்றுள் இரண்டு முக்கியமானவை.

முதலாவது, திருமண உறவுக்குள் நடக்கும் பாலியல் வன்முறை. நந்தினிக்கு அவள் கணவன் அன்ஷ் இழைக்கும் கொடுமையைத் துளசி மூடி மறைக்கவில்லை. மகன் என்ற பாசத்துக்கு மேலாக மருமகளின் பக்கம் நிற்கிறாள். இறுதியில் தன் மகன் அன்ஷைத் தானே சுட்டுக் கொல்கிறாள். மிகையான காட்சிதான். ஆயினும் 'மாமியார் யார் பக்கம் நிற்க வேண்டும்?' என்ற தலைப்பின் கேள்விக்குத் தொடர் தந்த மிகத் தெளிவான விடை இதுவே. சட்டத்தின் நிலையையும் இங்கே அறிவது நல்லது. அக்காலத்தில் நடைமுறையில் இருந்த இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 375-ஆம் பிரிவு, கணவன் மனைவியிடம் வற்புறுத்தி உறவு கொள்வதைப் பாலியல் வன்புணர்வாகக் கொள்ளவில்லை. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த பாரதிய நியாய சன்ஹிதாவிலும், மனைவி 18 வயதுக்குக் குறையாதவராக இருக்கும் நிலையில், அந்த விதிவிலக்கு தொடர்கிறது. குடும்ப வன்முறையிலிருந்து பெண்களைப் பாதுகாக்கும் சட்டம் 2005-இல் இயற்றப்பட்டு 2006 அக்டோபரில் நடைமுறைக்கு வந்தது. அச்சட்டம் பாலியல் கொடுமையையும் குடும்ப வன்முறையின் ஒரு வடிவமாக ஏற்கிறது. ஆனால் அது பாதுகாப்பும் நிவாரணமும் தரும் உரிமையியல் தன்மை கொண்ட சட்டமாகும்.

இரண்டாவது, கருணைக் கொலை. மீள முடியாத நிலையில் துன்புறும் மாமியார் சவிதாவின் உயிரைத் துளசி முடித்து வைக்கிறாள். கதையின் தொடக்கத்தில் அவளை வீட்டுக்குள் ஏற்க மறுத்தவள் அதே சவிதா. அவளுக்கு இறுதியில் விடுதலை தருபவளாகத் துளசி அமைவதில் ஒரு வட்டம் நிறைவுறுகிறது. இது இரக்கமா, குற்றமா என்ற விவாதம் கதைக்குள்ளும் வெளியிலும் நடந்தது. அதன்பின் 2011-இல் அருணா ஷான்பாக் வழக்கிலும், 2018-இல் காமன் காஸ் வழக்கிலும் உச்ச நீதிமன்றம், கடுமையான நிபந்தனைகளுடன் உயிர்காக்கும் சிகிச்சையை விலக்கிக்கொள்வதை ஏற்றது. ஊசி போன்றவற்றால் நேரடியாக உயிரைப் போக்குவது இன்றும் சட்டப்படி குற்றமே.

விமர்சனங்கள்

தொடர் புகழ்பெற்ற அளவுக்குக் கண்டனமும் பெற்றது. முக்கியமான விமர்சனங்கள் பின்வருமாறு.

பெண்களை நல்லவள், கெட்டவள் என்று இரண்டே அச்சில் வார்த்தது முதல் குறை. நல்லவள் பொறுப்பாள், பொறுப்பாள், பொறுத்துக்கொண்டே இருப்பாள். கெட்டவள் பெரிய பொட்டும் கூர்மையான புருவமும் வைத்துச் சூழ்ச்சி செய்வாள். பெண்ணுக்குப் பெண்ணே பகை என்ற எண்ணத்தை இது வலுப்படுத்தியதாகப் பலர் கருதினர்.

உழைப்பு மறைக்கப்பட்டது இரண்டாவது குறை. இத்தனை பேர் உள்ள வீட்டில் சமையல், துணி துவைத்தல், முதியோர் பராமரிப்பு ஆகியவற்றின் களைப்பு திரையில் தெரிவதில்லை. பெண்கள் படுக்கையறையிலும் பட்டுச்சேலையும் கனத்த நகைகளும் அணிந்திருப்பர். உண்மையான கூட்டுக் குடும்ப மருமகளின் நாள் அப்படி இருப்பதில்லை.

மூன்றாவது குறை, வெளியுலகம் சுருங்கியது. ஹம் லோக் காலத்துத் தொடர்களில் நடுத்தர வர்க்கத்தின் வேலையின்மையும் வாடகையும் இருந்தன. சாந்தி நிகேதன் வீட்டில் பணத்துக்குக் குறைவில்லை. சிக்கல்கள் எல்லாம் உறவுச் சிக்கல்களே. ஆண்கள் தொழில் செய்கின்றனர் என்று சொல்லப்படுமே தவிர, அத்தொழிலின் கவலை வீட்டுக்குள் அதிகம் வராது.

மறுபக்கமும் உண்டு. அக்காலத் திரைப்படங்களில் கதாநாயகனுக்குத் துணையாக மட்டுமே வந்த பெண், இங்கே கதையின் மையமானாள். திருமணத்தோடு முடியும் கதைக்கு மாறாக, திருமணத்தில் தொடங்கும் கதை வந்தது. நடுத்தர வயதுப் பெண்ணின் முடிவுகள் நாடு முழுவதும் பேசப்பட்டன. பார்வையாளர்களான பெண்கள் துளசியை முன்னிறுத்தித் தங்கள் வீட்டுச் சிக்கலை மறைமுகமாகப் பேச முடிந்தது. தன் மாமியாரைப் பற்றி வாய்திறக்க முடியாத பெண்ணும் சவிதாவைப் பற்றி அதே மாமியாருக்கு அருகில் உட்கார்ந்து கருத்துச் சொல்லலாம். இரு தரப்புக் கருத்துகளையும் சேர்த்துப் பார்ப்பதே தொடரை நியாயமாக மதிப்பிடும் வழியாகும்.

நாட்டுக்கு வெளியே

ஆப்கானிஸ்தானில் டோலோ தொலைக்காட்சி இத்தொடரைத் தாரி மொழியில் ஒலிமாற்றம் செய்து ஒளிபரப்பியது. அங்கே மக்கள் இதைத் 'துளசி' என்றே அழைத்தனர். பல ஆண்டுப் போருக்கும் தாலிபான் ஆட்சியின் தொலைக்காட்சித் தடைக்கும் பின் வந்த தொடர் என்பதால் அது பெரும் வரவேற்பைப் பெற்றது. இந்துத் தெய்வ உருவங்களும் பெண்களின் திறந்த தோள்களும் மங்கலாக்கிக் காட்டப்பட்டன. 2008-இல் ஆப்கானிஸ்தானின் தகவல் பண்பாட்டு அமைச்சகம் சில இந்தியத் தொடர்களை நிறுத்த உத்தரவிட்டது. டோலோ அதை ஏற்காமல் 'துளசி'யைத் தொடர்ந்து ஒளிபரப்பியது. ஒரு குஜராத்தி வீட்டின் மாமியார் - மருமகள் கதை காபூலில் கருத்துரிமைச் சிக்கலாக மாறியது.

இலங்கையில் இது சிங்களத்தில் 'மஹ கெதர' என்ற பெயரில் வந்தது. 'பெரிய வீடு' என்பது அதன் பொருள்.

முடிவு

2007, 2008 ஆண்டுகளில் பார்வையாளர் எண்ணிக்கை குறைந்தது. 2008 ஜூலையில் தொடங்கப்பட்ட கலர்ஸ் அலைவரிசை, குழந்தைத் திருமணத்தைப் பேசிய பாலிகா வது போன்ற கதைகளுடன் வந்தது. பெருமாளிகைகளை விட்டுக் கதைகள் சிற்றூர்களுக்குச் சென்றன. தொடரை நிறுத்த ஸ்டார் முடிவு செய்தது. இது குறித்துத் தயாரிப்பு நிறுவனத்துக்கும் அலைவரிசைக்கும் எழுந்த கருத்து வேறுபாடு நீதிமன்றம் வரை சென்றது. 2008 நவம்பர் 6 அன்று இறுதிப் பகுதி ஒளிபரப்பானது.

ஸ்மிருதி இரானி தொடர் ஓடிக்கொண்டிருக்கும்போதே 2003-இல் பாரதிய ஜனதா கட்சியில் சேர்ந்தார். 2004 மக்களவைத் தேர்தலில் டெல்லி சாந்தினி சௌக் தொகுதியில் தோற்றார். 2011-இல் குஜராத்திலிருந்து மாநிலங்களவைக்குத் தேர்வானார். 2014-இல் மத்திய மனிதவள மேம்பாட்டு அமைச்சரானார். 2019-இல் அமேதி தொகுதியில் ராகுல் காந்தியை வென்றார்; 2024-இல் அதே தொகுதியில் தோல்வியடைந்தார்.

பின்தொடர்ந்த தொடர்கள்

குஜராத்திக் குடும்பம் அதன்பின் இந்தித் தொடர்களின் வழக்கமான களமானது. பாஜி பெருமளவில் அழவைத்த அதே ஸ்டார் பிளஸ், 2002-இல் கிச்டி என்ற நகைச்சுவைத் தொடரில் பாரேக் குடும்பத்தைக் காட்டிச் சிரிக்க வைத்தது. 2005-இல் தொடங்கிய பா பஹூ ஔர் பேபி நடுத்தர வர்க்கக் குஜராத்திக் கூட்டுக் குடும்பத்தைப் பற்றியது. அதில் தலைவியாக நடித்த சரிதா ஜோஷி, தக்ஷாவாக நடித்த கேத்கி தவேயின் தாயார் ஆவார். 2010 முதல் 2017 வரை வந்த சாத் நிபானா சாத்தியா ராஜ்கோட்டின் மோதி குடும்பக் கதை.

2020 ஜூலையில் தொடங்கிய அனுபமா அகமதாபாத்தின் ஷா குடும்பத்தில் நடக்கிறது. துளசி பொறுமையால் வீட்டை வென்றாள். அனுபமாவோ கணவனின் துரோகத்தை அறிந்தபின் மணவிலக்குப் பெற்று வெளியேறுகிறாள். இருபது ஆண்டுகளில் நாயகிக்கு ஏற்பட்ட மாற்றம் இதில் தெரிகிறது. வங்காளத்தின் ஸ்ரீமோயி தொடரே இதற்கு மூலம். தமிழில் வந்த பாக்கியலட்சுமியும் அதே மூலத்திலிருந்து உருவானது.

இரண்டாம் தொடர்

முதல் தொடர் தொடங்கி 25 ஆண்டுகள் ஆனதை ஒட்டி, 2025 ஜூலை 29 அன்று இதன் இரண்டாம் தொடர் ஸ்டார் பிளஸ் அலைவரிசையிலும் ஜியோஹாட்ஸ்டார் தளத்திலும் தொடங்கியது. நேரம் அதே இரவு 10:30. ஸ்மிருதி இரானி துளசியாகவும், அமர் உபாத்யாய் மிஹிராகவும் திரும்பினர். அதே ஆண்டு அக்டோபரில் மைக்ரோசாஃப்ட் நிறுவனர்களுள் ஒருவரான பில் கேட்ஸ் காணொளி அழைப்பில் துளசியுடன் பேசும் காட்சி இடம்பெற்றது. தாய் சேய் நலம் பற்றிய விழிப்புணர்வு அதன் நோக்கம்.

முதல் தொடர் தொடங்கியபோது துளசியைப் பார்த்த இளம் மருமகள்கள் பலர் இப்போது மாமியார் வயதை அடைந்துள்ளனர். 2000-இல் துளசியின் இடத்தில் தங்களை வைத்துப் பார்த்தவர்கள், இப்போது சவிதாவின் இடத்தில் நின்று அதே கதையைப் பார்க்கின்றனர்.